இரண்டாம் மாடியில் கொரின் வேல்

"உன்ர இங்கிலீசு பள்ளிக்கூடத்து இங்கிலீசு. வயசு போன வெள்ளைக்காரியள் வாய்க்குள்ள கதைக்கிறது உனக்கு எங்க விளங்கப் போகுது?" என்று அத்தான் கேட்டார்.

நான் ரொறன்ரோவுக்கு வந்து இரண்டு மாதம் ஆகவில்லை. ஸ்காபரோவில் ஒரு முதியோர் இல்லத்தில் எனக்கு வேலை கிடைத்திருந்தது. அத்தான் என் அக்காவின் கணவர், யாழ்ப்பாணத்துக்காரர். கொழும்பில் கடை வைத்திருந்து, அது எரிந்த பிறகு எல்லோருக்கும் முன்னால் இங்கே வந்து சேர்ந்தவர். அவருக்கு மறுமொழி சொல்லாமல் மறுநாள் காலை பஸ் ஏறி வேலைக்குப் போனேன்.

வேலை செய்து ஓய்ந்தவர்கள் எழுதுகிற மாதிரியான கட்டுரை இது. எனக்கோ இன்னும் முப்பது வயதாகவில்லை. ஆனால் அந்த இல்லத்திலிருந்து விலகிவிட்டேன். இப்போது அதே மாதிரி வேலைக்குப் போக நினைக்கிற பெண்கள் தொலைபேசியில் கூப்பிட்டு, "அக்கா, உந்த வேலை எப்பிடி? அருவருப்பே?" என்று கேட்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்வதைவிட ஒருமுறை எழுதிவிடுவது நல்லது.

முதலில் என்னைப் பற்றி ஒரு வார்த்தை. மட்டக்களப்பில் வாவிக்கு மேற்கே வயல்காட்டுப் பக்கம் எங்கள் ஊர். அப்பா கைநாட்டு. அம்மாவும் அப்படித்தான். அக்காவைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பவில்லை, என்னை அனுப்பினார்கள். பள்ளியின் கடைசி வகுப்பான ஏ.எல். வரை படித்தேன். எங்கள் வீட்டுக்கு வந்த கடிதங்களை எல்லாம் எட்டு வயதிலிருந்து நான்தான் வாசித்தேன். இதைச் சொல்வதில் எனக்குக் கூச்சம் எதுவும் இல்லை.

பயிற்சி என்று தந்தது சொற்ப நாட்கள். மிச்சத்தை வேலையில்தான் பழகினோம். ஒருவரைக் கட்டிலில் வைத்துக் கழுவும்போது முகத்தில் தொடங்க வேண்டும், முகத்துக்குச் சவர்க்காரம் கூடாது. கண்ணை மூக்குப் பக்கத்திலிருந்து வெளியே துடைக்க வேண்டும், மற்றக் கண்ணுக்குத் துணியின் வேறு பக்கம். கழுவுகிற பாகத்தை மட்டும் திறந்து, மற்றதெல்லாவற்றையும் மூடி வைக்க வேண்டும். சட்டை போடும்போது இயலாத கை முதலில், கழற்றும்போது அதே கை கடைசியில். அருவருப்பைப் பற்றிக் கேட்கிறவர்களுக்கு இதுதான் என் பதில்: ஒழுங்கு தெரிந்தால் அருவருப்புக்கு நேரம் கிடைக்காது.

எங்கள் மாடியின் பொறுப்பான நேர்ஸ் மிஸிஸ் பிரைஸ். நெஞ்சில் தலைகீழாக ஒரு மணிக்கூடு குத்தியிருப்பார். குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. பிழை செய்தால் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே பேசாமல் நிற்பார். துடைத்து முடிவதற்குள் பிழை என்ன என்று எங்களுக்கே தெரிந்துவிடும். முதல் வாரம் நான் ஒருவரின் குறிப்பில், 'காலையில் கோபமாக இருந்தார்' என்று எழுதினேன். மிஸிஸ் பிரைஸ் என்னைக் கூப்பிட்டார்.

"நீ என்ன பார்த்தாய்?"

"தட்டைத் தள்ளிவிட்டார்."

"அப்படியானால் அதை எழுது. பார்த்ததை எழுதுவது உன் வேலை. நினைப்பது என் வேலை."

எனக்குச் சுருக்கென்றது. பதின்மூன்று வருடம் படித்தவளை நினைக்காதே என்கிறாரே என்று பஸ்ஸில் வீடு வரும்வரை புகைந்துகொண்டிருந்தேன். ஆனாலும் அன்றிலிருந்து பார்த்ததைத்தான் எழுதினேன்.

இரண்டாம் மாடியில் ஜன்னல் ஓரத்து அறையில் இருந்தவர் மிஸிஸ் டோசன். முதல் நாள் நான் தண்ணீர்ப் பேசினோடு உள்ளே போனபோது, நான் எந்த நாடு என்று கேட்டார். சொன்னேன்.

"நானும் உன் நாட்டில்தான் பிறந்தேன். சிலோனில், ஒரு தேயிலைத் தோட்டத்தில்."

எனக்குச் சந்தோஷமாகப் போய்விட்டது. எந்தத் தோட்டம் என்றேன். கண்டிக்குப் பக்கம் என்றார். வீடு எப்படி இருந்தது என்றேன். வெள்ளைப் பங்களா, வாசலில் எங்கள் ஒட்டகங்களைக் கட்டியிருப்போம் என்றார்.

"எங்கள் நாட்டில் ஒட்டகம் இல்லை, மிஸிஸ் டோசன்."

 அவர் கட்டில் ஆடும்படி சிரித்தார். "இத்தனை வருடத்தில் இரண்டாவது கேள்வி கேட்டவள் நீ ஒருத்திதான்" என்றார்.

அவருடைய கதையைத் துவாயும் சீப்புமாகக் காலைகளில் துண்டுதுண்டாகக் கேட்டேன். இங்கிலாந்தின் வடக்கே ஒரு துறைமுகத்தில், மீன் வெட்டிக் கழுவுகிற கொட்டகையில் வேலை செய்தவரின் மகள். பெயர் ஈடித் மட்ஜ். சின்ன வயதிலேயே பள்ளியை விட்டு, ஒரு படமாளிகையில் டோர்ச் லைட் பிடித்து ஆட்களுக்கு இருக்கை காட்டுகிற வேலைக்குப் போனார். அங்கே நடந்த ஓர் அழகுப் போட்டியில் வென்று, லண்டனுக்குப் பக்கத்தில் ஒரு ஸ்ரூடியோவில் சேர்ந்தார். ஸ்ரூடியோ அவருடைய இரண்டு பற்களை மாற்றியது, பேச்சை மாற்றியது, ஏழு வயதைக் குறைத்தது, கொரின் வேல் என்று பெயர் வைத்தது. மீன்கொட்டகை விளம்பரத்துக்கு உதவாது என்று சிலோனில் ஒரு தோட்டத் துரையின் மகளாகவும் ஆக்கியது. பத்திரிகைக்காரர் யார் வந்து கேட்டாலும் இதைத்தான் சொல்ல வேண்டும், மாற்றிச் சொன்னால் வேலை போய்விடும். ஒட்டகம் அவரே சேர்த்துக்கொண்டதாம்.

கதாநாயகி ஆகவில்லை. கதவு திறக்கிற வேலைக்காரி, நாயகியின் தோழி, போர்க்கால மருத்துவமனையில் தாதி, படம் தொடங்கிய கொஞ்ச நேரத்தில் கொலையாகிற பெண். "என்னைப் போல அழகாகச் செத்தவர் அந்த ஸ்ரூடியோவில் யாரும் இல்லை" என்பார். ஒரே ஒரு படத்தில் முதல் வேடம் கிடைத்தது. அது வெளிவருகிற நேரத்தில் கம்பனி மூடப்பட்டது. சில ஊர்களில் ஓடியதோடு சரி. பிறகு டோசன் என்ற கனடாக்காரரைக் கட்டி ஒஷாவாவுக்கு வந்தார். கணவருக்குக் கார்த் தொழிற்சாலையில் வேலை. இவர் ஒரு பெரிய கடையில் கையுறை விற்றார். கணவருக்குப் படக்கதை பிடிக்காது என்பதால் வீட்டில் அந்தப் பேச்சே இல்லை. பிள்ளைகளும் இல்லை. எப்போதாவது வந்து பார்க்கிற கணவரின் மருமகன், "அன்ரி கடையில் நின்றவர், படத்தில் எல்லாம் நடிக்கவில்லை" என்று எங்களிடம் மெதுவாகச் சொல்லிவிட்டுப் போனார்.

சலவையறையில் வேலை செய்த ராணியக்காவிடம் இதைச் சொன்னேன்.

"என்ன பேர் எண்டு சொன்னனீ?"

"கொரின் வேல்."

"வேலோ? முருகன்ரை வேலோ?"

"சும்மா இருங்கோ அக்கா. உண்மையிலேயே நடிச்சவ."

"கதாநாயகியாவோ?"

"தோழியா."

"தோழியை ஆருக்கடி ஞாபகம் இருக்கும்? மனிசி உனக்கு நல்லாக் கதை அவிக்குது."

ஒரு பின்னேரம் இருவரும் மடித்த துணியோடு இரண்டாம் மாடிக் கூடத்தைக் கடந்தோம். ரிவியில் பழைய கறுப்பு வெள்ளைப் படம் ஒன்று போய்க்கொண்டிருந்தது. மிஸிஸ் டோசன் முன்வரிசையில் இருந்தார். "இப்போது மணி அடிக்கும்" என்றார். அடித்தது. "இப்போது நான்" என்றார். கதவு திறந்தது. வெள்ளை ஏப்ரன் கட்டிய ஒரு பெண், மேடம் வீட்டில் இல்லை என்று சொல்லிவிட்டு மறைந்தாள். அந்த வசனத்தை நாற்காலியில் இருந்தவரும் கூடவே சொன்னார். ராணியக்காவின் கையிலிருந்த துவாய்கள் சரிந்தன.

"ஐயோ, அதே மூக்கு!"

இனி வருவதுதான் நான் எழுத உட்கார்ந்த விஷயம்.

எங்கள் இல்லத்தில் மூன்றாம் மாடிக் கதவுக்கு இலக்கப் பூட்டு. நினைவு தடுமாறி, வெளியே போனால் திரும்பி வரத் தெரியாதவர்களை அங்கே வைத்திருப்பார்கள். அது அவர்களுக்கு வேண்டிய இடம். மற்றவர்களுக்கு அப்படியில்லை. அங்கே தனி அறை கிடையாது, முகப்பூச்சுச் சாமான் வைத்திருக்க முடியாது, தோட்டத்துக்குத் தனியாக இறங்க முடியாது. மிஸிஸ் டோசன் பயந்த ஒரே விஷயம் அதுதான். "அங்கே போகிறவர்கள் திரும்பி வருகிற காட்சி எந்தப் படத்திலும் இல்லை" என்பார்.

நான் வேலைக்குச் சேர்ந்த நாலாம் வருடம், புதிதாக வந்த டொக்டர் லேங் எல்லோரையும் மறுபடி மதிப்பிட்டார். நல்ல மனிதர், பொறுமையாகக் கேட்பார். மிஸிஸ் டோசனுக்கு எதிரே நாற்காலி போட்டு, மடியில் தாளை வைத்துப் பேனாவைத் திறந்து, பெயர் என்ன, எங்கே பிறந்தீர்கள், வயது என்ன என்று கேட்டார். "கொரின் வேல், சிலோன், அறுபத்தொன்பது" என்றார் மிஸிஸ் டோசன். கோப்பில் இருந்தது ஈடித் டோசன், இங்கிலாந்து, எழுபத்தாறு. மூன்றும் பிழை. இன்னொரு முறை பார்த்துவிட்டு மேல் மாடிக்கு மாற்றலாம் என்று முடிவானது.

அன்று மத்தியானமே அவரைத் தயார்படுத்தத் தொடங்கினேன். எங்களுக்குத் தெரிந்த வழி அதுதானே. அகதி விசாரணைக்கு முன்னால் எங்கள் குடும்பத்தில் எல்லோரையும் தயார்படுத்தியவள் நான். நடந்த உண்மையே என்றாலும் ஒழுங்காக, நாள் நேரம் தடுமாறாமல், ஆங்கிலத்தில் சொல்ல வேண்டும். அத்தானைக் குசினி மேசையில் இருத்தி, நான் ஒபிசராகி, வாரக்கணக்கில் கேள்வி கேட்டிருக்கிறேன். அதே போல மிஸிஸ் டோசனின் தலையைச் சீவிக்கொண்டே கேட்டேன்: பெயர்? ஈடித் டோசன், பிறந்த பெயர் மட்ஜ். ஊர்? அப்பாவின் வேலை? வயது? அவர் ஒரே நாளில் பாடமாக்கிவிட்டார். எனக்கு நல்ல நம்பிக்கை.

இரண்டாம் முறை டொக்டர் வந்து பேனாவைத் திறந்ததும், மிஸிஸ் டோசன் முதுகைக் கூனி, கைகளை மடியில் துடைத்து, மீன் சந்தையில் கூவி விற்கிற குரலில் தொடங்கினார். ஈடித் மட்ஜ் பேசினாள். அப்பாவின் கத்தியைப் பற்றிச் சொல்லி மூக்கைப் புறங்கையால் துடைத்தாள். நடுவில் ஒரு துளி கண்ணீரும் வந்தது. சொன்னதெல்லாம் உண்மை. ஆனால் யார் பார்த்தாலும் அது வேறொரு ஆள். முடிந்ததும் நிமிர்ந்து, தன் பழைய குரலில், "இது போதுமா, இன்னொரு தடவை எடுப்போமா?" என்று டொக்டரைக் கேட்டார்.

வெளியே வந்த டொக்டர், "முதலில் ஒருவராக இருந்தார், இப்போது இரண்டு பேர்" என்று மிஸிஸ் பிரைஸிடம் சொன்னார். மருமகனுக்கு அறிவித்தார்கள். மாற்றுவதற்கான கூட்டம் அடுத்த வாரம் என்று ஆனது. மிஸிஸ் டோசனுக்கு விளங்கிவிட்டது. "நான் மிகைப்படுத்திவிட்டேன், இல்லையா?" என்று கேட்டார். அன்று உதட்டுச் சாயம் பூசவில்லை.

அந்தச் சனிக்கிழமை அத்தானுக்குப் பல்வலி. அக்கா குடும்பம் அப்போது மில்லிக்கனுக்குக் குடிபோயிருந்தது. அங்கே ஒரு பிளாசாவில் இருந்த பல் டொக்டரிடம் மொழிபெயர்க்க நானும் போனேன். உதவியாளர் பெண் எதிரே உட்கார்ந்து, தாளும் பேனாவும் எடுத்து, "எப்போது தொடங்கியது?" என்று கேட்டாள். அத்தான் நிமிர்ந்தார். இரண்டு கைகளையும் முழங்காலில் வைத்தார். நான் குசினி மேசையில் பழக்கிய அதே ஆங்கிலத்தில், நிறுத்தாமல், "1983 ஜூலை மாதம், காலையில், ஒரு கூட்டம் என் கடைக்கு வந்தது" என்று தொடங்கினார்.

அந்தப் பெண் பேனாவை நிறுத்தினாள். "பல்லிலா?" என்றாள்.

"அத்தான், பல்லைக் கேக்கினம்."

"ஆ... பல்லே? பல்லு போன கிழமைதான்."

திரும்பி வரும்போது காரில் எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அத்தானும் வீங்கிய கன்னத்தோடு சிரித்தார். பிறகு சிவப்பு விளக்கில் நிறுத்திவிட்டுக் கன்னத்தைத் தடவினார்.

"பேனையைக் கண்டா வாய் தானா ஓடுது பிள்ளை. என்ர கையில இல்லை" என்றார்.

நான் சிரிப்பை நிறுத்திவிட்டேன். திங்கட்கிழமை வேலைக்குப் போய்ச் சட்டைகூட மாற்றாமல் மிஸிஸ் பிரைஸின் அறைக் கதவைத் தட்டினேன்.

"மிஸிஸ் டோசனைப் பற்றிப் பார்த்ததைச் சொல்லலாமா?" என்று கேட்டேன்.

தலையசைத்தார்.

"நான் கழுவும்போது பெயர் கேட்டால் ஈடித் என்கிறார். தலை வெட்ட வருகிறவரிடமும் ஈடித். பக்கத்து அறைக்காரரிடம் வயது எழுபத்தாறு என்று முறைப்பட்டதைக் கேட்டேன். மருமகன் கையெழுத்து வாங்கப் பேனாவோடு வந்தபோது கொரின் வேல். டொக்டர் முதல் முறை பேனாவைத் திறந்தபோது கொரின் வேல், இரண்டாம் முறை கொரின் வேல் நடித்த ஈடித். கொரின் வேல் ஆகும்போதெல்லாம் முகத்தின் இடது பக்கத்தை ஜன்னலுக்குத் திருப்புகிறார்."

மிஸிஸ் பிரைஸ் கண்ணாடியைக் கழற்றினார். துடைக்கவில்லை. கையிலேயே வைத்திருந்தார்.

"நீ என்ன நினைக்கிறாய்?"

நாலு வருடத்தில் முதல் தடவையாக அவர் அதைக் கேட்டார். நான் சொன்னேன்: எதிரே பேனாவோடு உட்காருகிறவர் அவருக்குப் பத்திரிகைக்காரர். பத்திரிகைக்காரரிடம் சொல்லிக்கொடுத்ததைச் சொன்னால்தான் வேலை நிலைக்கும் என்று இளவயதில் ஸ்ரூடியோவில் பழக்கிவிட்டார்கள். பழக்கம் ஓடுகிறது, நினைவு சரியாகத்தான் இருக்கிறது. எங்கள் வீட்டிலும் அப்படி ஒருவர் இருக்கிறார்.

கூட்டத்துக்கு முதல் நாள் பின்னேரம் மிஸிஸ் பிரைஸ் டொக்டரை இரண்டாம் மாடிக் கூடத்துக்குத் தேநீருக்கு அழைத்தார். வாசலிலேயே, "தாளை என்னிடம் தாருங்கள், தேநீர் கொட்டிவிடும்" என்று வாங்கித் தன் கைக்கு அடியில் வைத்துக்கொண்டார். டொக்டர் சோபாவில் மிஸிஸ் டோசனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். நான் தேநீர் ஊற்றினேன்.

"பாலை முதலில் ஊற்றுவதா, கடைசியிலா?" என்று டொக்டர் கேட்டார்.

"எங்கள் வீட்டில் கடைசியில். பால் இருந்தால்" என்றார் மிஸிஸ் டோசன்.

எந்த ஊர் என்று டொக்டர் கேட்டார். அவர் துறைமுகத்தின் பெயரைச் சொன்னார். அப்பாவின் கொட்டகையைச் சொன்னார், கூவாமல், மூக்கைத் துடைக்காமல். அப்போது உங்கள் பெயர் என்ன என்று டொக்டர் கேட்டார்.

"ஈடித் மட்ஜ். அந்தப் பெயரை யாராவது போஸ்டரில் போடுவார்களா, நீங்களே சொல்லுங்கள்."

"இப்போது வயது?"

"எழுபத்தாறு. வெளியே விடாதீர்கள்."

இன்று என்ன கிழமை என்று டொக்டர் கேட்டார். செவ்வாய் என்றார் மிஸிஸ் டோசன். புதன் என்றார் மிஸிஸ் பிரைஸ். "நானும் செவ்வாய் என்றுதான் நினைத்தேன்" என்றார் டொக்டர்.

பிறகு அவர், பழக்கத்தில், மேல்பையிலிருந்து பேனாவை எடுத்துத் தேநீர்க் கடதாசித் துணியில் ஏதோ குறிக்கப் போனார். மிஸிஸ் டோசனின் கோப்பை தட்டுக்கு இறங்கியது. முதுகு நிமிர்ந்தது. இடது கன்னம் ஜன்னலுக்குப் போனது.

"கொரின் வேல். சிலோனில், அப்பாவின் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தேன்."

டொக்டர் அவரைப் பார்த்தார், பேனாவைப் பார்த்தார், பைக்குள் போட்டார். மிஸிஸ் டோசனின் தோள் மெல்லத் தளர்ந்தது. "தேநீர் ஆறிவிட்டது" என்றார். டொக்டர் மறுபடி பேனாவை எடுத்தார். கன்னம் திரும்பியது.

"போதும், டொக்டர்" என்றார் மிஸிஸ் பிரைஸ்.

மறுநாள் கூட்டம் நீளவில்லை. மிஸிஸ் டோசன் இரண்டாம் மாடியிலேயே இருக்கலாம் என்று டொக்டர் எழுதிக் கையெழுத்திட்டார். மிஸிஸ் பிரைஸ் கையெழுத்திட்டார். மருமகன் கையெழுத்திட்டார். நான் வாசலில் நின்றேன், எய்ட் என்கிற எங்களைப் போன்ற உதவியாளர்களுக்கு அங்கே நாற்காலி இல்லை. இதை முதலில் கவனித்தது யார் என்று டொக்டர் கேட்டபோது மிஸிஸ் பிரைஸ் என்னைக் காட்டினார். அவர் என் பெயரைக் கேட்டு, எழுத இடம் தேடித் தாளை மேலிருந்து கீழே பார்த்தார். எங்களுக்கென்று அதில் ஒரு கோடு இல்லை. நன்றி சொல்லிவிட்டுத் தாளை மடித்தார்.

எனக்கு அது பிடிக்கவில்லை. ஒருவர் ஜன்னல் அருகில் இருப்பதா, பூட்டுக்குப் பின்னால் இருப்பதா என்று முடிவு செய்கிற தாளில் என் கை படாமல் இன்னும் எத்தனை வருடம் வாசலில் நிற்பேன் என்று நினைத்தேன். இந்த முறை அதை யாரிடமும் கேட்டுக்கொண்டு நினைக்கவில்லை.

அதற்குப் பிறகும் ஒன்றரை வருடம் அங்கே வேலை செய்தேன். விலகிப் படிக்கப் போகிறேன் என்று மிஸிஸ் டோசனிடம் சொன்னது ஒரு காலைப் பொழுதில், அவருக்குக் காலுறை போட்டுவிடும்போது.

"முதல் வேடமா?" என்று கேட்டார்.

"தாதி."

"நான் நிறையத் தாதியாக நடித்தேன். தொப்பியை நேரே வைக்காதே, கொஞ்சம் சாய்த்து வை."

"இப்போது தாதிகளுக்குத் தொப்பி இல்லை."

"பிறகு எதை வைத்து உன்னைத் தாதி என்று நம்புவார்கள்?"

"கையெழுத்தை வைத்து."

மற்றக் காலை நீட்டினார்.

செப்டெம்பரில் தாதியர் கல்லூரியில் சேர்ந்துவிட்டேன். முதல் தவணைச் சோதனை முடிந்துவிட்டது. தை மாதத்திலிருந்து வாரத்தில் இரண்டு நாள் மருத்துவமனையில் பயிற்சி. நேற்று அங்கே முதல் நோயாளியைப் பார்த்து முடித்து, குறிப்பின் கீழே இருந்த கோட்டில் கையெழுத்துப் போட்டேன்.